பழைய துணிப் போர்வை: மூட்டையைக் கொண்டுவரும் முன்

புதுச்சேரி முத்தியால்பேட்டையில் தையல் கடை வைத்திருக்கிறேன். பழைய துணி மூட்டையோடு வந்து, "எல்லாத்தையும் ஒட்டுப் போட்டு ஒரு போர்வையா தச்சுக் கொடுங்க" என்று கேட்பவர்கள் இப்போது அதிகம். தைப்பது பெரிய வித்தை இல்லை. எந்தத் துணியைச் சேர்க்கிறோம் என்பதில்தான் போர்வையின் ஆயுசு இருக்கிறது. மூட்டையில் பாதியை நான் திருப்பிக் கொடுத்துவிடுவேன். பலருக்கு முகம் சுண்டிப்போகும்.

துணியை வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். சட்டையில் காலரும் அக்குளும் வியர்வையில் இற்றுப்போயிருக்கும். முதுகின் கீழ்ப்பாதி திடமாக இருக்கும். புடவையில் தரையில் உரசும் கீழ்க்கரை போய்விடும். உள்கட்டுப் பக்கம் சாயம்கூட மங்கியிருக்காது. இரண்டு கட்டைவிரல்களுக்கு நடுவே பிடித்து இழுத்தால் சர்ரென்று கிழியும் துணி வேண்டாம். இறந்துபோன அப்பாவின் சட்டை, அதைத் தள்ள மனசு வரவில்லை என்றால் மட்டும், பின்னால் காடாத் துணி கொடுத்துத் தைப்பேன்.

அப்புறம், காட்டன் என்று சொல்லி வருவதில் நிறைய பாலியஸ்டர் கலந்திருக்கும். ஓரத்திலிருந்து நாலு இழை உருவி, தட்டின் மேல் இடுக்கியால் பிடித்துக் கொளுத்திப் பாருங்கள். பருத்தி காகிதம் எரிகிற வாசத்தோடு சாம்பலாகும். பாலியஸ்டர் உருகிக் கறுப்பு மணியாக இறுகும். அது வியர்வையை உறிஞ்சாது. தீப்பட்டால் உருகித் தோலில் ஒட்டும். முழுக்க பாலியஸ்டராக இருப்பதை நான் போர்வைக்கு எடுப்பதே இல்லை. ஜீன்ஸையும் வாயில் ரகத்து நைந்த மெல்லிய புடவையையும் பக்கத்தில் பக்கத்தில் வைக்கக் கூடாது. துவைத்து ஈரத்தோடு தூக்கும்போது ஜீன்ஸின் கனம் புடவைத் துண்டைக் கிழித்துவிடும். பனியன் துணி இழுபடும், அதுவும் வேண்டாம்.

பீரோவில் பாச்சை உருண்டையோடு கிடந்த துணியா? நன்றாக அலசி, வாசம் முழுக்கப் போகும்வரை வெயிலில் போடுங்கள். அதிலுள்ள நாப்தலின், ஜி6பிடி என்ற நொதிக் குறைபாடுள்ள பச்சிளங்குழந்தைகளின் ரத்தச் சிவப்பணுக்களை உடைத்துக் கடும் மஞ்சள் காமாலையைக் கொண்டுவரும். குறைபாடு இருப்பது பெரும்பாலும் முன்கூட்டித் தெரியாது. பிறந்த குழந்தைக்கு என்று கேட்டால் இந்தத் துணிகளை நான் தொடுவதில்லை. பட்டன், கொக்கி, ஜரிகை எதுவும் இருக்கக் கூடாது. ஒரு வயது வரை தூங்கும் குழந்தைமேல் போர்வையைத் தளர்வாகப் போட்டுவிட்டுப் போகவும் கூடாது, முகத்தை மூடிவிடும்.

உள்ளே பஞ்சு வைக்கச் சொல்வார்கள். நம் ஊர்ப் புழுக்கத்துக்கு அது எதற்கு? ஐப்பசி, கார்த்திகை மழையில் துவைத்தால் காயவே காயாது, பூஞ்சை பிடித்து நாறும். மேலே ஒட்டுத்துணி, நடுவில் ஒரு பழைய நூல் புடவை, அடியில் கெட்டியான பருத்தி விரிப்பு, போதும். முதலியார்பேட்டை ஏ.எஃப்.டி. (ஆங்கிலோ-பிரெஞ்சு டெக்ஸ்டைல்ஸ்) துணி மில் 2020-இல் மூடப்பட்டது. அந்த மில் துணி வீட்டில் மிச்சம் இருந்தால் அடிப்பக்கத்துக்கு வையுங்கள். மூன்றையும் சேர்த்து நாலு இஞ்ச் இடைவெளியில் ஓட்டுத்தையல் போடாவிட்டால், நடுப்புடவை ஒரு மூலையில் போய்ச் சுருண்டுகொள்ளும்.

ஒருவர் போர்த்த 60-க்கு 90 இஞ்ச் வேண்டும். ஆறு இஞ்ச் கட்டமாக வர 150 துண்டுகள். பழைய துணி பிரிந்துவிடும் என்பதால் சுற்றிலும் அரை இஞ்ச் தையலுக்கு விட்டு, ஏழு இஞ்சாக வெட்ட வேண்டும். ஓர் ஆண் சட்டையின் முதுகில் எட்டு, ஒன்பது துண்டுகள் தேறும், கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். வெட்டுவதற்கு முன்பே எல்லாவற்றையும் துவைத்துவிடுங்கள். சிவப்பு, கருநீலத்தை உப்புத் தண்ணீரில் ஊறவைத்தால் சாயம் நின்றுவிடும் என்பதை நம்பாதீர்கள். ஈரத்துணியை வெள்ளைத் துணியில் தேய்த்துப் பாருங்கள். கறை பட்டால் ஒதுக்கிவிடுங்கள்.

கூலி, கடையில் விற்கும் புதுப் போர்வையின் விலையைத் தாண்டலாம். அதை முதலிலேயே சொல்லிவிடுவேன். ஜூனில் பள்ளிச் சீருடை, ஐப்பசியில் தீபாவளி என்று எங்களுக்குக் கை ஒழியாது. தை பிறந்த பிறகு கொண்டுவாருங்கள், துணி காயவும் வெயில் இருக்கும்.