குறிஞ்சி பூக்காத ஆண்டுகளில்

மூணாறு மலைகளில் 2018ஆம் ஆண்டு பூத்த நீலக்குறிஞ்சி இனி 2030இல்தான் பூக்கும் என்பதால், அதுவரை அந்தப் புல்வெளிகளில் பார்க்க ஒன்றுமில்லை என்றே பலர் எண்ணுகிறார்கள். தாவரக் கணக்கெடுப்புக்காக அங்கே பல பருவங்கள் நடந்திருக்கிறேன். புல்வெளிக்குப் பெரிய கேடு நேர்வது இந்த இடைப்பட்ட ஆண்டுகளில்தான் என்பது என் கணிப்பு.

கேரளத்தின் வட்டவடைப் பகுதியில் 2006ஆம் ஆண்டு சுமார் 32 சதுர கிலோமீட்டர் பரப்பில் குறிஞ்சிமலைச் சரணாலயம் அறிவிக்கப்பட்டது. நீலக்குறிஞ்சி 12 ஆண்டுகள் வளர்ந்து, ஒரே முறை பூத்து, விதை முற்றியதும் காய்ந்துபோகும் செடி. ஆகவே, பூங்கொத்தை ஒடித்துச் செல்பவர் அடுத்த தலைமுறைக்கான விதையையும் சேர்த்தே கொண்டுபோகிறார். வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் மூன்றாம் அட்டவணையில் இச்செடி இடம்பெற்றிருப்பதால், காட்டில் அதைப் பறிப்பது தண்டனைக்குரிய குற்றம்.

பூ இல்லாத நாளில் புல்லை விலக்கிக் குனிந்து பாருங்கள். நீர் கசியும் சரிவில், கட்டைவிரல் நகத்தைவிடச் சிறிய இலைகளோடு அழுகண்ணி என்ற பூச்சியுண்ணும் செடி நிற்கும். ஒவ்வொரு மயிரின் நுனியிலும் ஒரு பசைத்துளி மினுங்க, அதில் சிறு பூச்சி ஏதேனும் ஒட்டிக்கிடக்கும். தரையில் வளரும் ஆர்க்கிடுகளோ மழைக்காலத்தில் கிழங்கிலிருந்து தலைநீட்டிப் பூத்துவிட்டு, வறண்ட மாதங்களில் மீண்டும் மண்ணுக்குள் ஒடுங்கிவிடும். கோடையில் வருபவருக்கு அவை இருந்த தடமே தெரியாது.

ஒருமுறை தன்னார்வலர் சிலர் மரக்கன்றுகளோடு வந்து, "வெறும் புல்தானே, நட்டுவிடலாமே?" என்று கேட்டார்கள். நல்லெண்ணம்தான், இடம்தான் தவறு. வெயிலை நம்பி வாழும் இத்தாவரங்கள் மர நிழலில் தாக்குப்பிடிக்காது. தோல் பதனிட உதவும் பட்டைக்காக வளர்க்கப்பட்ட ஆஸ்திரேலியச் சீகை மரம் (வாட்டில்) ஏற்கெனவே நீலகிரியிலும் பழனி மலையிலும் எத்தனையோ புல்வெளிகளை விழுங்கிவிட்டது. அதன் விதைகள் மண்ணில் பல பத்தாண்டுகள் உயிரோடு கிடந்து, மரத்தை வெட்டி வெளிச்சம் விழுந்தாலோ, தீ பரவினாலோ கூட்டமாக முளைக்கும் என்பதால், வெட்டியதோடு வேலை முடிவதில்லை. ஆண்டுதோறும் திரும்பிச் சென்று கன்றுகளை வேரோடு பிடுங்க வேண்டியிருக்கிறது.

2018இல் உதிர்ந்த விதைகளிலிருந்து முளைத்த குறிஞ்சிகள் இப்போது பூவின்றிச் சாதாரணப் புதர்களாக நிற்கின்றன. படமெடுக்கப் பாதையைவிட்டு இறங்குபவர்கள் அவற்றின்மீதே கால் வைத்து நடக்கிறார்கள்.