மைக் மாட்டினால் சம்மதம் ஆகிவிடாது

ஆவணப்படங்களுக்கு ஒலிப்பதிவு செய்வது என் தொழில். ஒருமுறை மருத்துவமனையில் படப்பிடிப்பு. நோயாளியின் மனைவிக்குப் புடவைத் தலைப்பில் லேப்பல் மைக் குத்தியிருந்தோம். காட்சி முடிந்து கேமராவை இறக்கிவிட்டார்கள். அந்த அம்மா மைக்கோடு படிக்கட்டுப் பக்கம் போய், போனில் யாரிடமோ நகையை அடகு வைக்கச் சொல்லி அழுதார். என் ஹெட்போனில் ஒவ்வொரு சொல்லும் கேட்டது. ரெக்கார்டரை நிறுத்த எனக்கு அரை நிமிஷம் ஆனது. தப்பு என்னுடையதுதான்.

இயக்குநருக்கு அந்த அரை நிமிஷம் வேண்டும். "மருத்துவமனையே எழுதிக் கொடுத்திருக்கே" என்றார்.

எழுதிக் கொடுத்தால் போதுமா? இந்தக் கேள்வியோடு அமெரிக்காவில் 24 வருஷம் முடங்கிக் கிடந்தது ஒரு படம். அதை எடுத்த பிரெடரிக் வைஸ்மன் பாஸ்டனில் சட்டம் கற்பித்தவர். மாணவர்களைப் பிரிட்ஜ்வாட்டருக்கு அழைத்துப் போவார். குற்றவழக்கில் சிக்கிய மனநோயாளிகளை அடைத்து வைத்த இடம் அது. 1966-ல் மேலதிகாரிகளின் அனுமதியோடு, கேமராமேன் ஜான் மார்ஷலுடன் அங்கே இறங்கினார். மறுவருஷம் வந்தது அந்தப் படம், 'டிட்டிகட் ஃபாலிஸ்'.

பேட்டி இல்லை, பின்னணிக் குரல் இல்லை, மேலே பூசிய இசை இல்லை. கடைசிவரை அவர் பாணி அதுதான். ஒலிப்பதிவும் அவரே. என் கட்சி! வாரக்கணக்கில் எடுத்ததை எடிட்டிங் மேஜையில் மாதக்கணக்கில் செதுக்குவார். தீவிர சிகிச்சைப் பிரிவைப் பற்றிய 'நியர் டெத்' (1989) கிட்டத்தட்ட ஆறு மணி நேரம். 2016-ல் கௌரவ ஆஸ்கர் கிடைத்தது.

முதல் படத்தில் ஒரு காட்சி. சாப்பிட மறுத்தவருக்கு மூக்கு வழியாகக் குழாய். புனலில் ஊற்றும் டாக்டரின் வாயில் சிகரெட், நுனியில் விழக் காத்திருக்கும் சாம்பல். யாரும் விளக்கவில்லை, விளக்கவும் வேண்டாம்.

நோயாளிகளின் அந்தரங்கம் மீறப்பட்டதாக, பிரிட்ஜ்வாட்டர் இருக்கும் மாசசூசெட்ஸ் மாநில அரசு வழக்குப் போட்டது. டாக்டர், வக்கீல், மாணவர் போன்றோர் மட்டும் பார்க்கலாம் என்று 1969-ல் தீர்ப்பு. பொதுமக்கள் பார்க்கத் தடை நீங்கியது 1991-ல்தான். அந்தத் தடை நோயாளிகளைவிட அதிகாரிகளைத்தான் காப்பாற்றியது என்பது என் எண்ணம். ஆனாலும் மூக்கில் குழாயோடு கிடந்தவரால் 'வேண்டாம்' என்று சொல்லியிருக்க முடியாது. அந்த உறுத்தலும் போகவில்லை.

மறுநாள் அந்த அம்மாவின் காதில் ஹெட்போனை மாட்டி, பதிவைப் போட்டுக் காட்டினேன். "அழிச்சிடுங்க தம்பி, அவருக்குத் தெரியாது" என்றார். அழித்தேன். இயக்குநர் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை.

உங்கள் ஆஸ்பத்திரிக்கோ பள்ளிக்கோ கேமரா வந்தால், நிர்வாகத்தின் கையெழுத்து உங்கள் கையெழுத்தாகாது. எதை எடுத்தோம் என்று கேளுங்கள். பதற்றத்தில் தலையாட்டியிருந்தால் மறுநாள் வேண்டாம் என்று சொல்லுங்கள். கழிவறைக்குப் போகும்முன் மைக்கைக் கழற்றச் சொல்லுங்கள். ஆள் இல்லையா? இடுப்பில் செருகிய பெட்டியில் சுவிட்ச் இருக்கும், நீங்களே அணைத்துவிடுங்கள். சத்தம் நின்றால் நாங்களே ஓடி வருவோம்.