ஜெரிமாண்டரிங்: தொகுதி எல்லைத் திரிப்பு

1812இல் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநில ஆளுநர் எல்பிரிட்ஜ் கெரி, மாநில மேலவைத் தொகுதிகளை மாற்றியமைக்கும் சட்டத்தில் கையெழுத்திட்டார். எல்லைகள் அவருடைய கட்சிக்குச் சாதகமாக வரையப்பட்டிருந்தன. எஸ்ஸெக்ஸ் வட்டாரத்தில் ஒரு தொகுதி பாம்பாய் நெளிந்து சென்றது. அதன் வரைபடத்துக்குச் சிறகும் நகமும் வரைந்து 'பாஸ்டன் கெசட்' இதழ் கேலிச்சித்திரம் வெளியிட்டது. பல்லியைப் போன்ற சாலமாண்டர் என்னும் உயிரியின் பெயரோடு ஆளுநரின் பெயரை ஒட்டிக் 'கெரிமாண்டர்' என்று பெயர் சூட்டியது. அந்தக் 'கெ' பின்னாளில் 'ஜெ' ஆகிவிட்டது.

அவ்வாண்டுத் தேர்தலில் எதிர்க்கட்சியான ஃபெடரலிஸ்டுகளே கூடுதல் வாக்குப் பெற்றனர். ஆனால் 40 இடங்களில் 29 கெரியின் கட்சிக்குப் போயின. கெரியோ ஆளுநர் தேர்தலில் தோற்றார். மாநிலம் முழுவதும் சேர்ந்து வாக்களிக்கும் பதவிக்கு எந்த எல்லையை வளைப்பது?

ஜெரிமாண்டரிங் செய்ய, எதிர்க்கட்சி வாக்காளர்களைச் சில தொகுதிகளில் குவித்து வாக்குகளை வீணாக்குவது ஒரு வழி. பல தொகுதிகளில் சிதறடித்து எங்கும் சிறுபான்மையாக்குவது இன்னொரு வழி.

இப்படி வரைந்த, தோல்வி பயமற்ற தொகுதியில் உண்மையான போட்டி, கட்சியின் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் முதனிலைத் தேர்தலில்தான். அங்கே வாக்களிக்க வருவோரில் தீவிரப் பற்றாளர்கள் மிகுதி. அவர்களுக்கு அஞ்சும் உறுப்பினர் மாற்றுக் கட்சியோடு கைகுலுக்கவும் தயங்குவார். ஆனால் அமெரிக்க அரசியல் இரு துருவமானதற்கு முழுப் பழியையும் எல்லைத் திரிப்பின்மேல் போடுவது தவறு என்பேன். அமெரிக்க நாடாளுமன்றத்தின் மேலவையான செனட்டுக்கு ஒவ்வொரு மாநிலமும் ஒரே தொகுதி. அந்த எல்லைகளை யாரும் மாற்றி வரைவதில்லை. அங்கும் பிளவு ஆழமாகியிருக்கிறதே! ஒத்த கருத்துடையோர் ஒரே பகுதியில் குடியிருப்பதும் முக்கியக் காரணம்.

தமிழில் ஜெரிமாண்டரிங்கைத் 'தொகுதி மறுவரையறை' என்று எழுதக் கூடாது. மறுவரையறை, மக்கள்தொகை மாற்றத்துக்கேற்பச் சட்டப்படி நடக்க வேண்டிய பணி. இது அப்பணியில் புகும் வஞ்சம். 'எல்லைத் திரிப்பு' என்பதே பொருந்தும். பால் திரிவதிலும் செய்தியைத் திரிப்பதிலும் உள்ள கேடு அச்சொல்லில் இருக்கிறது. வினையாகவும் எளிதில் வரும்: 'ஆளுங்கட்சி தொகுதி எல்லைகளைத் திரித்தது.'