கதையில் நான் வெட்டிவிடும் காகிதங்கள்

குற்றப்பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்று, இப்போது க்ரைம் கதை எழுதுகிறேன். ‘இதெல்லாம் நிஜமா சார்?’ என்று கேட்பவர்களுக்கு என் பதில்: குற்றம் நிஜம், விசாரணைதான் கதை. ஸ்டேஷனில் நடப்பதை அப்படியே எழுதினால் மூன்றாம் பக்கத்திலேயே தூக்கிப் போட்டுவிடுவீர்கள், அவ்வளவு காகிதம். ஆனால் உங்கள் வீட்டில் திருட்டு போனால் அந்தக் காகிதம்தான் உதவும்.

வெளியூர் போய்த் திரும்புகிறீர்கள், பூட்டு உடைந்திருக்கிறது. நான் போன வீடுகளில் பெரும்பாலும் இதுதான் கதை: எது போச்சு என்று பார்க்க ஆளாளுக்கு பீரோவைக் குடைந்திருப்பார்கள், இறைந்து கிடந்த துணிகளை யாரோ ஒரு சித்தி மடித்து வைத்திருப்பார், பக்கத்து வீட்டுக்காரர் உடைந்த பூட்டைக் கையில் எடுத்து எல்லோருக்கும் காட்டிக்கொண்டிருப்பார். அப்புறம் விரல்ரேகை நிபுணர் வந்து பவுடர் தூவினால் சித்தியின் ரேகைதான் அழகாகக் கிடைக்கும். எதையும் தொடாமல் வெளியே வந்து 100 அல்லது 112-க்கு அடியுங்கள்.

புகார் கொடுத்ததும் சி.எஸ்.ஆர். ரசீது தருவார்கள். அது மனு வாங்கியதற்கான சீட்டு மட்டுமே, வழக்கு பதிவாகிவிட்டது என்று அர்த்தமில்லை. வீடு புகுந்து திருடுவது மாதிரி பிடியாணை இல்லாமலே கைது செய்யக்கூடிய குற்றம் என்று புகாரிலேயே தெரிந்தால் எஃப்.ஐ.ஆர். போட்டே ஆகவேண்டும் என 2013-இல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. எஃப்.ஐ.ஆர். நகல் உங்களுக்கு இலவசம், கேட்டு வாங்குங்கள். ‘இது எங்க லிமிட் இல்லை’ என்று திருப்பி அனுப்பவும் முடியாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பி.என்.எஸ்.எஸ். என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 173-ஆவது பிரிவுப்படி எந்த ஸ்டேஷனிலும் புகார் கொடுக்கலாம். ஆன்லைனில் அனுப்பினால் 3 நாளுக்குள் போய்க் கையெழுத்துப் போடவேண்டும்.

கையெழுத்து என்றதும் ஜோசப் வாம்பா ஞாபகம் வருகிறார். லாஸ் ஏஞ்சலஸ் போலீஸில் துப்பறியும் சார்ஜன்டாக இருந்துகொண்டே நாவல் எழுதிப் புகழ்பெற்றவர். கைதானவர்களே ஆட்டோகிராஃப் கேட்கிற நிலை வந்து, 1974-இல் வேலையை விட்டார். நம்மூரில் கேட்பது போலீஸ். புகாரில் கையெழுத்துப் போடத்தான் வேண்டும். ஆனால் விசாரணையில் சாட்சியாக நீங்கள் சொல்வதை அதிகாரி எழுதிக்கொள்கிறாரே, அதில் கையெழுத்து வாங்கக்கூடாது என்று அதே சட்டத்தின் 181-ஆவது பிரிவே சொல்கிறது. வெற்றுத்தாள் நீட்டினால் சொல்லவே வேண்டாம், தொடாதீர்கள்.

சாட்சி சொல்ல உங்கள் அம்மாவையோ 60 தாண்டிய அப்பாவையோ ஸ்டேஷனுக்கு வரச்சொல்லிக் கட்டாயப்படுத்த முடியாது. 179-ஆவது பிரிவுப்படி அவர்கள் இருக்கும் இடத்துக்கு அதிகாரிதான் வரவேண்டும்.

புகாரையே வாங்க மறுக்கிறார்களா? வாசலில் நின்று சண்டை போடாதீர்கள். அதே புகாரை எஸ்.பி.க்கு, மாநகரம் என்றால் கமிஷனர் அலுவலகத்துக்கு, ஸ்பீட் போஸ்டில் அனுப்பிவிட்டு ரசீதைப் பத்திரமாக வையுங்கள். அங்கேயும் ஒன்றும் நடக்கவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். எஸ்.பி.க்கு அனுப்பியதற்கு ஆதாரம் என்ன என்பதுதான் அங்கே முதல் கேள்வியாக இருக்கும்.