ஷேடு மேச்சிங்: தமிழ்ல என்ன சொல்லலாம்?

பெயிண்ட் கடைக்குப் போனா ஒரு அட்டை குடுப்பாங்க, சின்னச் சின்னக் கட்டமா நூத்துக்கணக்குல கலர் அச்சடிச்சது, அதுக்குப் பேரு ஷேடு கார்டு. இதைத் தமிழ்ல மாத்துறேன்னு யாரோ 'நிழல் அட்டை'ன்னு எழுதியிருந்ததை ஒரு தடவை பாத்தேன், சிரிப்பு வந்துச்சு, ஆனா அவரை முழுசா குத்தம் சொல்லவும் முடியாது, ஏன்னா இங்கிலீஷ்ல ஷேடுக்கு முதல் அர்த்தம் நிழல்தான். பழைய இங்கிலீஷ்ல 'ஷாடு'ங்கிற மாதிரி ஒலிச்ச சொல்லு, அதே சொல்லுலருந்துதான் ஷேடோவும் வந்துச்சு, கலரு அர்த்தம் எல்லாம் பின்னாடி வந்து ஒட்டிக்கிட்டது.

நம்ம கார் பெயிண்ட் அடிக்கிற பட்டறையில ஷேடுன்னா நிழலும் கிடையாது, கலரும் கிடையாது. "கதவு ஒரு ஷேடு, பம்பர் ஒரு ஷேடு", "மஞ்ச ஷேடு அடிக்குது", "ஷேடு பிடிக்கல தம்பி, இன்னொரு தடவை கலக்கணும்". இப்படித்தான் பேசுவாங்க. ரெண்டும் ஒரே கலருதான், ஆனா ஒண்ணு கொஞ்சம் அந்தப் பக்கம், ஒண்ணு கொஞ்சம் இந்தப் பக்கம், அந்த 'கொஞ்சம்' இருக்கே அதுக்குத்தான் ஷேடுன்னு பேரு.

இந்தக் 'கொஞ்சம்' எவ்வளவு பெரிய விஷயம்னு எனக்குத் தெரிஞ்சது ஒரு வெள்ளைக் கதவால. என் வண்டி 2010 ஸ்விஃப்ட், வெள்ளை. மார்க்கெட் சந்துல நிறுத்திட்டுப் போனப்ப எவனோ பைக்கை எடுக்குறேன்னு இடது பக்கப் பின் கதவுல ஒரு முழ நீளத்துக்குக் கோடு இழுத்துட்டான், கூட ஒரு டென்ட்டு, தகடு நசுங்கிடுச்சு. கிட்டக்க இருந்த ஒரு பட்டறையில விட்டேன், டிங்கரிங் எல்லாம் சுத்தமா பண்ணாங்க, பட்டி பாத்துத் தேய்ச்சதுல கை வெச்சுத் தடவினா மேடு பள்ளமே தெரியல. பெயிண்ட்டுக்கு வந்தப்ப மட்டும் "வெள்ளைதானே சார், இதுல என்ன மேச்சிங்கு"ன்னு டப்பாவுல ரெடியா இருந்த வெள்ளையை அடிச்சு விட்டுட்டாங்க. ராத்திரி ஏழு மணிக்கு டியூப்லைட்டுல வண்டியை எடுத்தேன், பளிச்னு இருந்துச்சு, சந்தோஷமா வீட்டுக்கு வந்துட்டேன். காலையில வெயில்ல அம்மா பாத்துட்டு கேட்டாங்க, "கதவுக்கு மட்டும் நீலம் போட்டியாடா?"

அம்மா கேட்டது கிண்டலுக்கு, ஆனா நடந்தது நெசமா அதேதான். வெள்ளை வேட்டி துவைக்கத் துவைக்க லேசா மஞ்சளடிக்கும், ஒரு பக்கெட் தண்ணியில சொட்டு நீலம் ரெண்டு சொட்டு விட்டு முக்கி எடுத்தா அந்த மஞ்சளை நீலம் அமுக்கிடும், கண்ணுக்கு முன்னைவிட வெள்ளையா தெரியும், ரெண்டு சொட்டு நாலு சொட்டா ஆயிடுச்சுன்னா வேட்டி வானக் கலருக்குப் போயிடும். கார் பெயிண்டும் இதே கணக்குதான். வெள்ளை டப்பாவுல வெறும் வெள்ளை மட்டும் இருக்காது, கூடவே இத்தினியூண்டு கறுப்பு, காவி மாதிரி ஒரு மஞ்ச, சிலதுல நீலம், சிலதுல சிவப்போ ஊதாவோ ஒரு துளி. கம்பெனிக்குக் கம்பெனி இந்தத் துளிதான் வேற. எனக்கு அடிச்ச ரெடிமேடு வெள்ளை நீலத்துப் பக்கம் போனது, என் வண்டி பதினஞ்சு வருஷ வெயில் குடிச்சு மஞ்சப் பக்கம் வந்தது, ரெண்டும் பக்கத்துல பக்கத்துல நின்னா அம்மா கண்ணுல மாட்டாம எப்படி இருக்கும்.

ராத்திரி டியூப்லைட்டுல தெரியாதது காலையில தெரிஞ்சதுக்கும் ஒரு காரணம் இருக்கு. ரெண்டு பெயிண்டுல உள்ள பொடிகள் வேற வேறயா இருந்தா ஒரு விளக்குல ஒண்ணா தெரியும், இன்னொரு விளக்குல பிரிஞ்சு நிக்கும், இதுக்கு மெட்டாமெரிசம்னு பேரு. பட்டுப்புடவைக்குப் பிளவுஸ் துணி எடுக்கப் போற பொம்பளைங்க கடைக்கு வெளிய வாசல்ல கொண்டுபோய் வெளிச்சத்துல பிடிச்சுப் பாப்பாங்கல்ல, அவங்களுக்கு இந்தப் பேரு தெரியாது, விஷயம் தெரியும்.

சரி, சொல்லுக்கு வருவோம். ஓவியம் சொல்லித்தர்றவங்க கணக்குல ஷேடுன்னா ஒரு கலர்ல கறுப்பைச் சேக்குறது, டின்ட்டுன்னா வெள்ளையைச் சேக்குறது. அப்படிப் பாத்தா நாம வெள்ளைக் காருக்கு ஷேடுன்னு சொல்றதே இங்கிலீஷ்காரன் இலக்கணத்துக்குச் சரியா வராது, ஆனா அவங்களும் பேச்சுல எல்லாத்துக்கும் ஷேடுன்னுதான் சொல்றாங்க, அதனால விடுங்க. டின்ட்டுங்கிறது லத்தீன்ல சாயம் முக்குறதுக்கான சொல்லுலருந்து வந்தது. இந்தச் சாயம்தான் நமக்கு வழி காட்டுது.

தமிழ்ல இதுக்குச் சரியான சொல்லு 'சாயல்'. இது எவனும் புதுசா செஞ்ச சொல்லு இல்ல, நம்ம வாயில ஏற்கெனவே இருக்கு. பிள்ளை பொறந்ததும் வந்து பாக்குறவங்க என்ன சொல்றாங்க, "மூக்கு அப்பா சாயல், நெத்தி அத்தை சாயல்". அப்படியே அச்சுன்னு சொல்லல பாருங்க, 'சாயல்'னுதான் சொல்றாங்க, ஒத்திருக்கு ஆனா அதுவே இல்லன்னு அர்த்தம். நீலச் சாயல், மஞ்சள் சாயல்னு நிறத்துக்கும் அதே சொல்லுதான் எழுத்துல புழங்குது. சாயுறதுன்னா ஒரு பக்கமா சரியுறது, பொழுது சாயுது, தூண் சாயுது, வெள்ளை நீலத்துப் பக்கம் சாயுது. ஒரே சொல்லுல நிறம் எந்தப் பக்கம் சரியுதுங்கிறதும் இருக்கு, பக்கத்துப் பேனலை, அதாவது பக்கத்துக் கதவு மாதிரி பாடித் தகட்டை ஒத்திருக்காங்கிறதும் இருக்கு. ஷேடுங்கிற சொல்லுல இந்த ரெண்டாவது அர்த்தம் கிடையாது, அதனால இந்த ஒரு இடத்துல நம்ம சொல்லு ஒரிஜினலைவிட நல்லா உக்காருதுன்னு தாராளமா சொல்லுவேன். தொல்காப்பியம் உரியியல்ல 'சாயல் மென்மை'ன்னு ஒரு வரி வரும், அங்க அர்த்தம் மென்மைன்னு வேற, ஆனா சொல்லோட வயசு தெரிஞ்சுக்க அது போதும். சாயைன்னு இன்னொண்ணு இருக்கு, அது சமஸ்கிருதத்துலருந்து வந்தது, நிழல்னு அர்த்தம், அதைக் கொண்டுவந்து இங்க போட்டா மறுபடி நிழல் அட்டையிலயே போய் நிப்போம்.

அடுத்தது மேச்சிங். இதுலதான் எனக்கு ஆச்சரியம். மேட்ச்சுங்கிற இங்கிலீஷ் சொல்லோட பழைய அர்த்தம் துணை, இணை, ஏன் புருஷன் பொண்டாட்டியில ஒருத்தரைக் குறிக்கவும்கூட அதைச் சொல்லியிருக்காங்க. தமிழ்ல அதுக்கு நேர் சொல்லு பொருத்தம், அதையும் நாம கல்யாணத்துக்குத்தான் அதிகமா புழங்குறோம். ரெண்டு மொழிக்காரனும் தனித்தனியா யோசிச்சு ஜாதகக் கட்டத்துலயே வந்து நின்னிருக்கான்! அதனால ஷேடு மேச்சிங்னா சாயல் பொருத்தம், இதைவிட நல்ல சொல்லு எனக்குத் தோணல.

அடுத்தது கலர் கோடு, இழுக்குற கோடு இல்ல, ஒவ்வொரு நிறத்துக்கும் கம்பெனி வெக்கிற எண், தமிழ்ல நிறக் குறியீடு. இந்தக் கோடுங்கிற இங்கிலீஷ் சொல்லு லத்தீன்ல மரத்தடியைக் குறிச்சு, அப்புறம் மரப்பலகையில எழுதின ஏட்டைக் குறிச்சு, சட்டப் புத்தகமாகி, கடைசியில ரகசியக் குறியீடா மாறினது. தமிழ்ல 'வண்ணக் குறியீடு'ன்னும் எழுதுறாங்க, தப்பில்ல, வண்ணம் வடமொழி வர்ணத்துலருந்து வந்தது, நிறம் நம்ம சொல்லு, எனக்கு நிறம்தான் பிடிக்கும். பட்டறையில போய் "அண்ணே நிறக் குறியீடு எங்க இருக்கு"ன்னு கேட்டு அவரு முறைச்சா என்னைச் சொல்லாதீங்க, அங்க கோடுன்னே கேளுங்க.

இந்தக் கோடு வண்டியிலயே இருக்கும், ஆனா இடம் வண்டிக்கு வண்டி மாறும். நிறைய வண்டியில டிரைவர் கதவைத் திறந்தா தூண்ல ஒட்டின ஸ்டிக்கர், சிலதுல பானட்டுக்குள்ள தகடு, ஃபோக்ஸ்வேகன் மாதிரி வண்டியில டிக்கியில ஸ்டெப்னி வைக்கிற பள்ளத்துல. டொயோட்டாவுல 'சி/டிஆர்'னு போட்டிருக்கும், சி-ன்னா கலர், டிஆர்-னா உள்ள சீட்டு, டிரிம்மோட கலர், அதைப் பாத்து ஏமாந்துடக் கூடாது. என் ஸ்விஃப்ட்டுக்கு 26யூ, மாருதி சுசுகி அதை சுப்பீரியர் ஒயிட்னு சொல்லுது. டொயோட்டா சூப்பர் ஒயிட்டுக்கு 040, ஹோண்டா டஃபேட்டா ஒயிட்டுக்கு என்ஹெச்-578, பிஎம்டபிள்யூ ஆல்பைன் ஒயிட்டுக்கு 300. ஹோண்டாவுல அந்த என்ஹெச் 'நியூட்ரல் ஹியூ'வோட சுருக்கம், அதாவது எந்த நிறத்துப் பக்கமும் சாயாததுன்னு அர்த்தம், வெள்ளை கறுப்பு சில்வர் சாம்பல் எல்லாம் அதுலதான் ஆரம்பிக்கும். சாயாததுன்னு பேரு வெச்சுட்டு அதுக்குள்ளயே இத்தனை வெள்ளை!

பேருல விளையாடுறது கம்பெனிக்காரன் மட்டும் இல்ல, நம்மகிட்டயும் வெள்ளைக்குப் பஞ்சம் இல்ல. தும்பைப்பூ வெள்ளை, பால் வெள்ளை, சுண்ணாம்பு வெள்ளை, மாட்டுல வந்தா சாம்பல் ஓடின வெள்ளைக்கு 'மயிலை'ன்னு தனிப் பேரே இருக்கு. ஆனா தும்பைப்பூன்னு சொன்னா மெஷின்ல கலக்க முடியாது, 26யூன்னு சொன்னாதான் முடியும், குறியீட்டோட வேலை அவ்வளவுதான்.

கோடு கிடைச்சுட்டா வேலை முடிஞ்சுதுன்னு நான் நினைச்சேன். நாகர்கோவில்ல ஒரு பெயிண்டர் அண்ணாச்சிகிட்ட ரெண்டாவது தடவை வண்டியை விட்டப்பதான் தெரிஞ்சது, கோடுங்கிறது பிள்ளையோட பேரு மாதிரி, முகம் வேற. "மக்கா, வெள்ளைன்னு ஒரு கலரே கிடையாது கேட்டியா"ன்னு ஆரம்பிச்சாரு. ஒரே கோடுக்கே கம்ப்யூட்டர்ல மூணு நாலு ஃபார்முலா வரும், ஒண்ணு கொஞ்சம் மஞ்ச, ஒண்ணு கொஞ்சம் நீலம், ஒண்ணு கொஞ்சம் அழுக்கு, ஏன்னா ஃபேக்டரியிலயே எல்லா வண்டியும் ஒரே மாதிரி வர்றதில்ல, பிளாஸ்டிக் பம்பரை வேற இடத்துல தனியா அடிச்சு மாட்டுறதால புது வண்டியிலயே பம்பரும் ஃபெண்டரும் லேசா பிரிஞ்சு தெரியுறது உண்டு.

அவரு முதல்ல பண்ண வேலை, கதவுக்குப் பக்கத்துப் பேனல்ல ஒரு கை அகலத்துக்கு ரப்பிங் போட்டுத் தேய்ச்சாரு, மேல இருந்த அழுக்கும் மங்கலும் போயி உண்மையான சாயல் அங்கதான் தெரியும். அப்புறம் எல்லா டப்பாவையும் நல்லா கலக்கி விட்டாரு, வெள்ளைப் பொடி கனமானது, தண்ணியைப் போல நாலு மடங்கு எடை, கலக்காம ஊத்தினா அடியிலயே தங்கிடும். தராசுல டப்பாவை வெச்சு வெள்ளையை ஊத்தினாரு, மஞ்சளை ஊத்தினாரு, கறுப்புக்கு வந்தப்ப மட்டும் மூச்சைப் பிடிச்சுக்கிட்டு குச்சியில தொட்டுத் தொட்டு விட்டாரு. நூறு கிராம் வெள்ளையில கறுப்பு ஒரு சொட்டு தவறினா அதை மீட்க இன்னும் எவ்வளவோ வெள்ளையை ஊத்தணும், அதனாலதான் கொஞ்சமா கலக்குறது ஆபத்து, கொஞ்சம் அதிகமாவே கலக்கிடுன்னாரு.

கலக்கினதை நேரா கதவுல அடிக்கல. உள்ளங்கை அளவு ஒரு கார்டு, அதுல பாதி கறுப்புப் பட்டை, பாதி வெள்ளை. அதுல அடிச்சாரு, முதல் கோட்டுல, அதாவது முதல் பூச்சுல, கறுப்புப் பட்டை பேய் மாதிரி தெரிஞ்சுது, ரெண்டாவதுல மங்கலா, மூணாவதுலதான் மறைஞ்சுது. அப்ப கதவுக்கும் மூணு கோட்டு வேணும், இல்லன்னா உள்ள இருக்குற சாம்பல் ப்ரைமர் எட்டிப் பாத்து சாயலைக் கெடுக்கும். மேல கிளியர், அதாவது நிறமில்லாத பளபளப்புப் பூச்சு அடிச்சு, காயவிட்டு, ஏன்னா ஈரத்துல ஒண்ணு காய்ஞ்சா ஒண்ணு, அப்புறம் வெயிலுக்குக் கொண்டுவந்து தேய்ச்ச பேனல் மேல வெச்சுப் பாத்தாரு. "இன்னும் நீலமா இருக்கு." மறுபடி மஞ்ச ஒரு துளி, மறுபடி கார்டு. மூணாவது கார்டுதான் ஒட்டுச்சு.

பெரிய இடத்துல இதுக்கு ஒரு மெஷின் இருக்கு, ஸ்பெக்ட்ரோஃபோட்டோமீட்டர், பேனல் மேல வெச்சு அமுக்கினா வெளிச்சத்தை விட்டு அளந்து மூணு எண் தரும், ஒண்ணு வெளிச்சமா இருட்டா, ஒண்ணு சிவப்பா பச்சையா, ஒண்ணு மஞ்சளா நீலமா. 1976-லருந்து புழங்குற கணக்கு அது. வெள்ளைக்கு அந்த மூணாவது எண்தான் வில்லன். ரெண்டு நிறத்துக்கு நடுவுல இருக்குற தூரத்தை டெல்டா ஈ-ன்னு சொல்லுவாங்க, அது 1-க்குக் கீழ வந்தா சாதாரணக் கண்ணுக்குப் பிடிபடுறது கஷ்டம். டெல்டா ஈ-க்குத் தமிழ் வேணும்னா 'சாயல் தூரம்'னு வெச்சுக்கலாம், நான் வெச்சுக்கிட்டேன்.

இன்னொண்ணு, முத்து வெள்ளை, அதாவது பேர்ல் ஒயிட். அதுல அடியில ஒரு வெள்ளை, நடுவுல மினுங்குற மைக்காப் பொடி கலந்த ஒரு மெல்லிசு கோட்டு, மேல கிளியர்னு மூணு அடுக்கு. நடுக் கோட்டு ஒண்ணு கூடினாலே சாயல் மாறிடும், கோடு சரியா இருந்தும் கை தப்பா போயிடும், அதனால பக்கத்துப் பேனல் வரைக்கும் கரையவிட்டு அடிக்கிறதுதான் வழக்கம், ப்ளெண்ட் பண்றதுன்னு சொல்லுவாங்க. பட்டறைக்காரர் பக்கத்துக் கதவுக்கும் சேத்துக் காசு கேட்டா உடனே ஏமாத்துறாருன்னு சண்டைக்குப் போகாதீங்க.

காத்திருந்த நேரத்துல அண்ணாச்சி ஒண்ணு சொன்னாரு, இந்த வெள்ளைப் பொடி எதுலருந்து வருது தெரியுமான்னு. டைட்டானியம் டை ஆக்சைடு, அது இல்மனைட்டுங்கிற கறுப்பு மணல்லருந்து எடுக்குறது, அந்த மணல் நாகர்கோவிலுக்குப் பக்கத்துல மணவாளக்குறிச்சிக் கடற்கரையிலயே கிடக்கு, அங்க மத்திய அரசோட ஆலை மணலைப் பிரிச்செடுக்குது, அப்படியே மேக்க போனா கொல்லம் சவறாவுல அதை வெள்ளைப் பொடியா ஆக்குற ஆலை இருக்கு. 1791-ல இங்கிலாந்துல வில்லியம் கிரிகோர்னு ஒரு பாதிரியார் டைட்டானியம்ங்கிற இந்த உலோகத்தைக் கண்டுபிடிச்சதும் இதே மாதிரி ஒரு கறுப்பு மணல்லதான். மணவாளக்குறிச்சி மணல்ல வெறுங்காலோட நடந்தா கால் கறுப்பாகும், அதைத்தான் வெள்ளையாக்கி கார் மேல அடிக்கிறோம்.

வண்டியை எடுக்கும்போது ஒட்டின அந்த மூணாவது கார்டை என்கிட்டயே குடுத்துட்டாரு, அடுத்த தடவை எவன்கிட்ட விட்டாலும் இதைக் காட்டுன்னு. பின்பக்கம் பால்பாயிண்ட் பேனாவுல எழுதியிருக்காரு: 26யூ, மஞ்ச ரெண்டு துளி கூட, மூணு கோட்டு, வெயில்ல பாத்தது.