பொட்டியில் ஆப் ஏற்றிக் கொடுப்பதும் குற்றமா?

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் ‘பொட்டி’ என்றால் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். டிவியில் செருகினால் புதுப்படம், சீரியல், பந்து விளையாட்டு எல்லாம் வரும். “ஒரு தடவ காசு கட்டுங்க அக்கா, அப்புறம் ஆயுசுக்கும் ஃப்ரீ” என்றுதான் விற்கிறார்கள்.

1987 பதிப்புரிமைச் சட்டத்தில் 43ஏஏ என்ற பிரிவைச் சேர்த்து, 2022 மார்ச் 18 முதல் நடைமுறைப்படுத்தியிருக்கிறார்கள். திருட்டுப் படத்தை ஓடவிடும் பெட்டி, செயலி இரண்டும் இதில் அடங்கும். விற்றாலும், வாடகைக்கு விட்டாலும், விளம்பரம் செய்தாலும், சேவையாகக் கொடுத்தாலும் குற்றம். அபராதம் 10,000 முதல் 200,000 ரிங்கிட் வரை, அல்லது 20 ஆண்டு வரை சிறை, அல்லது இரண்டும்.

இதெல்லாம் கோலாலம்பூர் மொத்த வியாபாரிக்குத்தான் என்று நம் ஆட்கள் நினைக்கிறார்கள். தோட்டத்து லயத்தில் வீடு வீடாகப் போய், ஐம்பது வெள்ளி வாங்கிக்கொண்டு ஆப் ஏற்றி, லிங்க் செத்தால் புதுசு போட்டுக் கொடுக்கும் தம்பி செய்வதும் சேவைதான். சின்ன ஆள் என்று சட்டம் விலக்கு தரவில்லை. முகநூலில் “பொட்டி வேணுமா, பிஎம் பண்ணுங்க” என்று போடுவதும் விளம்பரம்தான்.

“சிரிம் ஸ்டிக்கர் இருக்குண்ணே” என்பார்கள். அது கருவியின் தரத்துக்கான முத்திரை, உள்ளே ஓடும் படத்துக்கு அல்ல. ஆண்ட்ராய்டு பெட்டி வைத்திருப்பது தவறில்லை, அதில் என்ன ஏற்றியிருக்கிறது என்பதே கேள்வி.

வீட்டில் உட்கார்ந்து பார்ப்பவரை இந்தப் பிரிவு குறிவைக்கவில்லை. சாப்பாட்டுக் கடையில் போட்டுக் காட்டுவது வேறு கதை. பொதுவில் திரையிட உரிமையாளரின் அனுமதி வேண்டும்.

தியேட்டரிலும் கவனம். முதல் காட்சியில் ஹீரோ வரும்போது கைப்பேசியைத் தூக்கிப் பிடித்து ஸ்டேட்டஸ் வைக்கிறார்களே, படத்தின் ஒரு துண்டைப் பதிவு செய்தாலும் 43ஏ பிரிவு பாயும். அபராதம் 10,000 முதல் 100,000 ரிங்கிட், அல்லது 5 ஆண்டு வரை சிறை, அல்லது இரண்டும். விசில் அடிக்கத் தடையில்லை!

சரி, நியாயமாக எங்கே பார்ப்பது? புதுப்படத்துக்கு ஈப்போ வரை போனால் தியேட்டர் இருக்கிறது. பல தமிழ்ப் படங்கள் திரைக்கு வந்து நான்கைந்து வாரத்தில் நெட்ஃபிளிக்ஸ், பிரைம் வீடியோ போன்ற தளங்களுக்கு வந்துவிடுகின்றன. மாதக் கட்டணமே வேண்டாம் என்றால் ஆஸ்ட்ரோவின் என்ஜோய் செயற்கைக்கோள் டிவி, அரசு ஒளிபரப்பு நிறுவனமான ஆர்டிஎம்மின் கிளிக் செயலி இருக்கின்றன. பழைய படங்களை உரிமம் வைத்திருக்கும் நிறுவனங்களே யூடியூபில் முழுதாக ஏற்றியிருக்கின்றன.

பெட்டி விற்பவர் மீது புகார் என்றால், உள்நாட்டு வாணிப, வாழ்க்கைச் செலவின அமைச்சின் அமலாக்கப் பிரிவிடம் கொடுக்கலாம்.