20 எழுத்துக்குள் ஒரு சாகசக் கதை

1986 மே மாதம் ஜப்பானில் நின்டெண்டோவின் ஃபாமிகாம் என்ற வீட்டு வீடியோ கேம் கருவிக்கு வந்த 'டிராகன் குவெஸ்ட்' விளையாட்டு மொத்தமே 64 கிலோபைட். இன்று கைப்பேசியில் எடுக்கும் ஒரு படமே அதைவிடப் பல மடங்கு பெரியது. அந்த இடத்துக்குள் ஒரு நாட்டையும் அதன் அரக்கர்களையும் அடக்கிக் கதை எழுதியவர் யூஜி ஹொரீ. அவாஜித் தீவில் பிறந்து, வசேதா பல்கலைக்கழகத்தில் இலக்கியம் படித்து, பத்திரிகைகளுக்கு எழுதிப் பிழைத்தவர். எனிக்ஸ் நிறுவனத்தின் போட்டிக்கு ஒரு டென்னிஸ் விளையாட்டை அனுப்பி இந்தத் துறைக்குள் வந்தார்.

அவர் எழுத்தை இறுக்கியது எது? ஃபாமிகாம் திரையை 8×8 புள்ளிக் கட்டங்களாகத்தான் வரையும். பின்னணிக்கு ஒரு நேரத்தில் 256 கட்ட வடிவங்கள்தான் கைவசம். புல், கடல், கோட்டைச் சுவர், எண்கள், எழுத்துகள் எல்லாம் அதற்குள் அடங்க வேண்டும். ஜப்பானிய மொழியிலோ ஹிரகானா, கத்தக்கானா என இரண்டு வரிசை. ஒவ்வொன்றிலும் 46 அடிப்படை எழுத்துகள். ஹிரகானா இல்லாமல் வசனமே எழுத முடியாது. அதனால் கத்தக்கானாவில் கைவைத்தார்கள். சுமார் 20 எழுத்துகள்தான் மிஞ்சின. அதிலும் 'ஹெ', 'ரி' இரண்டும் இரு வரிசையிலும் ஏறக்குறைய ஒரே வடிவம் என்பதால் ஒரே கட்டத்தை இரண்டுக்கும் வைத்துக்கொண்டார்கள்.

சிக்கல் என்னவென்றால், அரக்கர், ஊர், மந்திரம் எல்லாவற்றின் பெயரையும் கத்தக்கானாவில்தான் எழுத வேண்டும். ஆக, பெயர்கள் அந்த 20க்குள்ளேயே பிறந்தன. ஸு-ரா-இ-மு என்றால் நீலக் குழகுழப்பு அரக்கன். ஹொ-இ-மி காயம் ஆற்றும் மந்திரம். எழுத்தின் ஒலியை மாற்றும் இரண்டு சிறு கோடுகளைத் தனிக் கட்டமாக்கி மேலே உட்காரவைத்தார்கள். இருந்த எழுத்துகளே புது ஒலியும் தந்தன. நாக்கில் ஒட்டிக்கொள்ளும் இந்தக் குட்டிப் பெயர்கள் இன்றும் அந்தத் தொடரில் இருக்கின்றன. நெருக்கடியில் பிறந்ததாலேயே இவ்வளவு நன்றாக அமைந்தன என்பது என் எண்ணம்.

சரி, ஒரு கதாபாத்திரமாக மாறிச் சாகசம் செய்யும் இந்த வகை ஆட்டமே தெரியாதவர்களுக்கு விதிகளை எப்படிச் சொல்வது? ஆட்டம் தொடங்குவது மன்னரின் பூட்டிய அறையில். பெட்டியைத் திறந்து, சாவியை எடுத்து, கதவைத் திறந்து, படி இறங்கினால்தான் வெளியே போகலாம். அதற்குள் முக்கியக் கட்டளைகள் கைக்கு வந்துவிடும். ஹொரீயின் திறமையை நான் அதிகம் வியப்பது இந்த அறையில்தான். கோட்டையை விட்டு வெளியே வந்ததும் தண்ணீருக்கு அப்பால் எதிரியின் கோட்டை கண்ணுக்குத் தெரியும். அங்கே போகத்தான் வழியில்லை; அதைத் தேடித்தான் நாடு முழுக்க அலைய வேண்டும்.